வெள்ளித் தராசில் எடைபோட்ட நாடுகள்

"டீச்சர், ரெண்டு நாளா வண்டி ஓடிக்கிட்டே இருக்குதுங்க. இன்னும் அதே நாட்டுக்குள்ளதாங்க போய்க்கிட்டு இருக்கறோம்."

தான்சானியாவிலிருந்து வந்த அழைப்பு அது. பேசியவர் என்னிடம் எட்டாம் வகுப்பு படித்தவர். திருச்செங்கோட்டுக்குப் பக்கத்துக் கிராமம். எங்கள் பக்கம் ரிக் வண்டி என்றால் சிறு பிள்ளைக்கும் தெரியும். ஆழ்துளைக் கிணறு போடும் இயந்திரத்தை லாரியின் முதுகில் ஏற்றிக்கொண்டு, பின்னாலேயே கம்ப்ரசர் வண்டி வர, ஊர் ஊராகப் போய்த் தண்ணீர் தேடும் தொழில். திருச்செங்கோட்டு ரிக்குகள் தமிழ்நாட்டைச் சுற்றின. ஆந்திரா, மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான் என்று வடக்கே ஏறின. பிறகு கப்பலேறி ஆப்பிரிக்காவுக்கும் போயின. என் மாணவர் அப்படிப் போன வண்டியொன்றில் டிரில்லர். தாருஸ்ஸலாம் துறைமுகத்தில் இறங்கிய வண்டியை, விக்டோரியா ஏரிக்கரையில் இருக்கும் முவான்சாவுக்கு ஓட்டிக்கொண்டு போகிறார்கள். ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல்.

அவர் அடுத்துச் சொன்னதுதான் அன்றிரவு என்னைத் தூங்கவிடவில்லை. "நம்ம பள்ளிக்கூடத்து மேப்புல இந்த நாடு ரெண்டு விரல் அகலந்தானுங்களே இருந்துச்சு? நீங்ககூடக் குச்சி வெச்சுக் காட்டுனீங்களே டீச்சர்."

ஆமாம், காட்டினேன். அந்தக் குச்சியோடு இருபது ஆண்டுக்கு மேல் அதே மாதிரிப் படத்தின் முன்னால் நின்றிருக்கிறேன். அதில் இருக்கும் அளவுகளை நம்பாதே என்று ஒரு வகுப்பிலும் நான் சொன்னதில்லை. அந்தக் கடனைத் தீர்க்கத்தான் இதை எழுதுகிறேன்.

மறுநாள் புத்தகத்தை எடுத்து வைத்துக்கொண்டு கணக்குப் போட்டேன். தான்சானியாவின் பரப்பு ஏறக்குறைய 9.45 லட்சம் சதுர கிலோமீட்டர். நம் தமிழ்நாடு 1.3 லட்சம். ஏழு தமிழ்நாட்டை அந்த ஒரு நாட்டுக்குள் வைத்தாலும் இன்னும் இடம் மிச்சம் இருக்கும். ஐரோப்பாவில் உள்ள பிரான்சையும் ஜெர்மனியையும் சேர்த்தால்கூடத் தான்சானியா அளவுக்கு வராது. ஆனால் எங்கள் பள்ளிச் சுவரில் தொங்கிய படத்தில் அந்த இரண்டு நாடுகளும் சேர்ந்து தான்சானியாவைப்போல் இரண்டு மடங்கு இருந்தன. மாணவர் குற்றம் சொல்லவில்லை, வியந்துதான் சொன்னார். குற்றம் எனக்குத்தான் உறைத்தது.

தராசுக்குப் போன பூகோளம்

பிறகு சேலத்துக்கு மாற்றலாகி வந்தேன். அங்கே என் வகுப்பில் படித்த ஒரு பெண்ணின் அப்பா செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுப் பட்டறை வைத்திருந்தார். வெள்ளிப் பட்டறைத் தராசு, ஒரு குண்டுமணி கூடினாலும் குறைந்தாலும் காட்டிக்கொடுத்துவிடும். அந்தத் தராசைப் பார்த்ததும் எனக்கு ஒன்று தோன்றியது.

சுவர்ப் படத்தின் மேல் மெல்லிய தாளை வைத்து, இந்தியாவையும் கிரீன்லாந்தையும் பிள்ளைகள் ஓரம் பிசகாமல் வரைந்து எடுத்தார்கள். அதைக் கெட்டியான சார்ட் அட்டையில் படியெடுத்து வெட்டினார்கள். ஒரே அட்டை, ஒரே கனம்; அதனால் எடை எவ்வளவோ பரப்பும் அவ்வளவு. ஒரு சனிக்கிழமை காலை ஏழெட்டுப் பிள்ளைகளோடு பட்டறைக்குப் போனோம். அந்த அப்பா தராசுத் தட்டைத் துடைத்து வைத்தார். "இத்தனை வருசத்துல கொலுசு நிறுத்திருக்கேன், அரைஞாண் நிறுத்திருக்கேன். நாட்டை நிறுத்தது இல்லீங்க" என்றார்.

இந்தியா ஒரு கிராமைச் சற்றுத் தாண்டியது. கிரீன்லாந்து ஒன்பது கிராமைத் தாண்டியது.

பிறகு நான் கையோடு கொண்டுபோயிருந்த வேறொரு படத்திலிருந்து வெட்டிய அதே இரண்டு நாடுகளையும் வைத்தோம். அது எல்லா நாட்டுப் பரப்பையும் ஒரே விகிதத்தில் காட்டும் சம பரப்புப் படம். இப்போது இந்தியா மூன்று பங்கு, கிரீன்லாந்து இரண்டு பங்கு. உண்மையும் அதுதான். இந்தியா ஏறத்தாழ 32.87 லட்சம் சதுர கிலோமீட்டர், கிரீன்லாந்து 21.66 லட்சம். நம்மைவிடச் சிறிய தீவு ஒன்று, சுவரில் நம்மைவிட எட்டு ஒன்பது மடங்கு பெரியதாகத் தொங்கிக்கொண்டிருந்திருக்கிறது.

ஒரு சிறுமி கேட்டாள்: "அப்ப நம்ம நாட்டைச் சின்னதாக்கினது யாருங்க டீச்சர்?"

நல்ல கேள்வி. ஆனால் அதைக் கொஞ்சம் திருத்திக்கொள்ள வேண்டும். நம்மை யாரும் சின்னதாக்கவில்லை. சேலம் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே ஏறக்குறைய 11.6 பாகையில் இருக்கிறது. அந்தச் சுவர்ப் படத்தில் நம் ஊரின் பரப்பு நூற்றுக்கு நான்கு பங்குதான் கூடித் தெரிகிறது. கிட்டத்தட்டச் சரியான அளவு. துருவத்துப் பக்கம் இருப்பவை ஊதிப் பெருத்ததால்தான் நாம் சிறுத்ததுபோல் தெரிகிறோம். மற்றவர்கள் எல்லாம் முக்காலி போட்டு நின்ற புகைப்படத்தில் தரையில் நின்றவன் குள்ளமாகத் தெரிவதைப்போல.

முட்டை ஓடு சொல்லும் பாடம்

ஏன் இப்படி ஆகிறது என்பதை நான் முட்டையை வைத்துத்தான் சொல்லிக்கொடுப்பேன். நாமக்கல் மாவட்டத்துப் பிள்ளைகளுக்கு முட்டையைவிடப் பழகிய பொருள் வேறு என்ன இருக்கிறது? வீட்டிலிருந்து நாலைந்து அவித்த முட்டை கொண்டுபோவேன். ஸ்கெட்ச் பேனாவால் நடுவில் ஒரு கோடு, அதுதான் நிலநடுக்கோடு. மேலே ஒரு முனை, கீழே ஒரு முனை, இரண்டும் துருவங்கள். அதன் மேல் கண்டங்களை உத்தேசமாக வரைவார்கள். பிறகு, "ஓட்டை உரித்து, நோட்டின் மேல் தட்டையாக ஒட்டுங்கள்" என்பேன்.

ஒட்டவே முடியாது. எத்தனை பதமாக உரித்தாலும், அமுக்கிய உடனே ஓடு நூறு துண்டாக வெடிக்கும். உள்சவ்வு பிடித்துக்கொண்டிருப்பதால் துண்டுகள் சிதறிப் போகாமல், இடையிடையே வெள்ளை வெள்ளையாக இடைவெளி விழும். ஆப்பிரிக்கா நடுவே பிளந்திருக்கும், ஆசியா மூன்றாகியிருக்கும். உருண்டையின் மேல்தோலைக் கிழிக்காமலும் இழுக்காமலும் தட்டையாக்க முடியாது. இதைக் கணித வழியில் ஐயமற நிறுவியவர் ஜெர்மனியின் கார்ல் பிரீட்ரிக் காஸ், காலம் 1827. ஆகவே உலகப் படம் வரைகிற எவரும் எதையாவது விட்டுக்கொடுத்தே ஆக வேண்டும். வடிவம் சரியாக வேண்டுமென்றால் பரப்பு பிசகும். பரப்பு சரியாக வேண்டுமென்றால் வடிவம் நெளியும். உருண்டையிலிருந்து தாளுக்கு மாற்றும் இந்த முறைக்குப் பாடப் புத்தகத்தில் கோட்டுச்சட்டம் என்று பெயர்.

பள்ளிச் சுவர்களில் நாம் அதிகம் பார்ப்பது மெர்கேட்டர் கோட்டுச்சட்டத்தில் வரைந்த படம். அது எப்படி வேலை செய்கிறது என்று பார்க்க ஒரு பூசணிக்காயை நினைத்துக்கொள்ளுங்கள். காம்பிலிருந்து அடிவரை வரிவரியாகப் பள்ளங்கள் ஓடுகின்றன. நடு வயிற்றில் வரிக்கும் வரிக்கும் நல்ல இடைவெளி. காம்பை நெருங்க நெருங்க ஒடுங்கி, கடைசியில் எல்லாம் ஒரே புள்ளியில் சேர்ந்துவிடும். பூமியின் தீர்க்கக்கோடுகளும் அப்படித்தான். நிலநடுக்கோட்டில் ஒரு பாகைக்கும் அடுத்த பாகைக்கும் இடையே 111 கிலோமீட்டர். சேலத்துக்கு நேரே அது 109. ஆஸ்லோ, ஹெல்சிங்கி, செயின்ட் பீட்டர்ஸ்பர்க் நகரங்கள் இருக்கும் 60 பாகைக்குப் போனால் பாதியாகி, சுமார் 56. எண்பது பாகையில் 19தான்.

ஆனால் மெர்கேட்டர் படத்தில் தீர்க்கக்கோடுகள் ஒடுங்குவதே இல்லை. தறியில் பாவு இழுத்ததுபோல் மேலிருந்து கீழ்வரை ஒரே இடைவெளியில் நிற்கும். அதனால் 60 பாகையில் கிழக்கு மேற்காக எல்லாமே இரண்டு மடங்கு விரிகிறது. பக்கவாட்டில் மட்டும் விரிந்தால் வடிவம் சப்பிப்போகும் என்று, வடக்கு தெற்காகவும் அதே இரண்டு மடங்கு இழுத்துவிடுகிறார்கள். இரண்டும் சேர்ந்தால் பரப்பு நான்கு மடங்கு. எண்பது பாகையில் அது 33 மடங்கு. துருவப் புள்ளியை அந்தப் படத்தில் வரையவே முடியாது. தாள் முடிவில்லாமல் நீண்டுகொண்டே போக வேண்டியிருக்கும். படத்தின் ஓரத்தில் 'ஒரு சென்டிமீட்டருக்கு இத்தனை கிலோமீட்டர்' என்று அச்சிட்டிருந்தால், அது நிலநடுக்கோட்டுக்கு மட்டும்தான் பொருந்தும். அந்த அளவுகோலை வைத்து ரஷ்யாவை அளக்கச் சொன்ன வீட்டுப்பாடங்களையெல்லாம் இன்று நினைத்தால் மனம் கனக்கிறது.

மெர்கேட்டர் செய்த குற்றம் இல்லை

ஒரு நியாயத்தைச் சொல்லிவிட வேண்டும். ஜெரார்டஸ் மெர்கேட்டர் யாரையும் ஏமாற்ற இந்தப் படத்தை வரையவில்லை. இன்றைய பெல்ஜியத்தில் 1512-இல் பிறந்தவர். ஜெர்மனியின் டூயிஸ்பர்க் நகரில் இருந்தபோது, 1569-இல் இந்தப் படத்தை வெளியிட்டார். கடலோடிகளுக்கு உதவும் படம் என்பதைத் தலைப்பிலேயே சொல்லிவிட்டார். திசைகாட்டி முள்ளை ஒரே கோணத்தில் வைத்துக்கொண்டு போகும் கப்பலின் பாதை, இந்தப் படத்தில் நேர்கோடாக விழும். நடுக்கடலில் கரை தெரியாமல் நிற்கும் மாலுமிக்கு அது பெரிய வரம். கிரீன்லாந்து எத்தனை சதுர கிலோமீட்டர் என்பது அவருக்கு வேண்டியதில்லை. எந்தப் பக்கம் திருப்பினால் கரை சேரலாம் என்பதுதான் வேண்டும்.

இன்றும் அந்தக் கணக்குக்கு வேலை இருக்கிறது. நாமக்கல் லாரி ஓட்டுநர் போனில் பார்க்கும் வரைபடம் பெரும்பாலும் மெர்கேட்டர் வழியில் வந்ததுதான். ஒரு ஊருக்குள் தெருமுனை தெருமுனையாகப் பார்க்கும்போது கோணங்கள் சரியாக இருக்க வேண்டும். செங்கோணமாகத் திரும்பும் சாலை, திரையிலும் செங்கோணமாகத் தெரிய வேண்டும். அந்த வேலையை அது செம்மையாகச் செய்கிறது. உலகம் முழுவதையும் ஒரே பார்வையில் பார்க்க அதை விரித்தால்தான் சிக்கல். கூகுள் நிறுவனமே 2018-இல் கணினித் திரையில் வரைபடத்தைச் சுருக்கிக்கொண்டே போனால் பூமி உருண்டையாகத் தெரியும்படி மாற்றியது.

கதிர் அறுக்கிற அரிவாளை வைத்து நெல்லை அளக்க முடியாது. அரிவாள் கெட்டது என்று அதற்குப் பொருள் இல்லை. கப்பல் ஓட்ட வந்த படத்தை வகுப்பறைக்குக் கொண்டுவந்து, எந்த நாடு பெரியது என்று பிள்ளைகளைக் கேட்டோமே, அந்தப் பிழை நம்முடையது.

அளவு மாறினால் எண்ணம் மாறும்

சில கணக்குகளை நிதானமாகப் பாருங்கள்.

தமிழ்நாடும் இங்கிலாந்தும் பரப்பில் ஏறக்குறைய ஒன்று. இரண்டுமே 1.3 லட்சம் சதுர கிலோமீட்டர்தான். ஸ்காட்லாந்து, வேல்ஸ், வடக்கு அயர்லாந்து சேராத இங்கிலாந்தைச் சொல்கிறேன். இதை வகுப்பில் சொன்னபோது ஒரு பிள்ளைகூட நம்பவில்லை. நம்மை அத்தனை ஆண்டு ஆண்ட நாடு நம்மைவிடப் பல மடங்கு பெரியதாகத்தான் இருக்கும் என்பது அவர்கள் மனத்தில் ஊறிப்போயிருந்தது. மெர்கேட்டர் படமும் அதற்கு ஒத்து ஊதுகிறது. அதில் இங்கிலாந்து தமிழ்நாட்டைப்போல் இரண்டரை மடங்குக்கு மேல்.

ஆப்பிரிக்காவுக்குக் கிழக்கே மடகாஸ்கர் தீவு. படத்தில் பிரிட்டனும் அதுவும் கிட்டத்தட்ட ஒரே அளவு. உண்மையில் மடகாஸ்கர் பிரிட்டனைவிட இரண்டு மடங்குக்கும் மேல் பெரியது. நார்வே, சுவீடன், பின்லாந்து மூன்றும் சேர்ந்து படத்தில் இந்தியாவை மிஞ்சி நிற்கின்றன. உண்மையில் மூன்றையும் கூட்டினாலும் இந்தியாவில் மூன்றில் ஒரு பங்குதான். ஆப்பிரிக்கக் கண்டம் 3 கோடி சதுர கிலோமீட்டருக்குச் சற்று மேல். அமெரிக்கா, சீனா, இந்தியா, ஆஸ்திரேலியா நான்கையும் கூட்டினால்தான் அந்த அளவு வரும். பதினான்கு கிரீன்லாந்து அதற்குள் அடங்கும். சுவர்ப் படத்திலோ கிரீன்லாந்தும் ஆப்பிரிக்காவும் தோளுக்குத் தோள் நிற்கின்றன.

"பரப்பு பெரிதாக இருந்தால் என்ன, சிறிதாக இருந்தால் என்ன? சிங்கப்பூர் எவ்வளவு சின்னது, எப்படி வாழ்கிறது பார்" என்று கேட்பவர்கள் உண்டு. நாட்டின் பெருமை பரப்பில் இல்லை என்பதை நானும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பத்து வயதில் கண்ணில் பதிந்த அளவு, நாற்பது வயதில் பேச்சில் வருகிறது. என் மாணவரின் அம்மாவைச் சந்தையில் பார்த்தபோது, "பையன் ஆப்பிரிக்காவுல இருக்கறானுங்க" என்றார். எந்த நாட்டில் என்று கேட்டேன். "ஆப்பிரிக்காவுலதானுங்க" என்றார் மறுபடியும். அவருக்கு அது ஒரு ஊர். 54 நாடுகள் கொண்ட கண்டம் என்பதைச் சொல்லித்தரும் வாய்ப்பு, அந்த வீட்டுப் பிள்ளை என் வகுப்பில் உட்கார்ந்திருந்த ஆண்டில் எனக்கு இருந்தது. நான் இரண்டு விரல் அகலத்தைக் காட்டி முடித்துவிட்டேன்.

எங்கள் பகுதியிலிருந்து முட்டை கடல் தாண்டிப் போகிறது, ரிக் போகிறது, பிள்ளைகள் போகிறார்கள். போகிற இடம் எவ்வளவு பெரியது, ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்கு எத்தனை நாள், நடுவில் டீசல் கிடைக்குமா, உடம்புக்கு முடியாவிட்டால் மருத்துவமனை எவ்வளவு தூரம் என்பதெல்லாம் அவர்களுக்குப் பிழைப்போடு சேர்ந்த கேள்விகள். நாமக்கல் ஓட்டுநர்களிடம் பேசிப் பாருங்கள். கொல்கத்தா எங்கே இருக்கிறது என்று கேட்டால் படத்தில் விரல் வைக்க மாட்டார்கள். ஏறக்குறைய இரண்டாயிரம் கிலோமீட்டர், லோடு ஏற்றினால் இத்தனை நாள், இத்தனை லிட்டர் என்று சொல்வார்கள். சக்கரம் உருண்டு அளந்த அந்தப் பூகோளத்தில் பொய் இல்லை. பள்ளிக்கூடத்துப் பூகோளமும் அந்த அளவுக்கு நேர்மையாக இருக்க வேண்டாமா?

உருண்டையை அளந்த மண்

இதில் இன்னொரு வருத்தமும் எனக்கு உண்டு. பூமியின் உருவத்தை அளந்த பெருவேலை ஒன்று நம் மாநிலத்தில்தான் தொடங்கியது. 1802 ஏப்ரல் 10-ஆம் நாள், சென்னை புனித தோமையார் மலைக்கு அருகே நில அளவையாளர் வில்லியம் லாம்டன் தன் அடிக்கோட்டை அளக்கத் தொடங்கினார். அரை டன் எடையுள்ள தியோடலைட் கருவியை மலைகளிலும் கோபுரங்களிலும் ஏற்றி, முக்கோணம் முக்கோணமாக நிலத்தை அளந்துகொண்டு போனார்கள். 1808-இல் தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தில் ஏற்றும்போது அந்தக் கருவி மோதிச் சேதமானது. லாம்டன் அதைப் பிரித்துச் சீர்செய்து மறுபடி வேலையைத் தொடர்ந்தார். கன்னியாகுமரியிலிருந்து இமயமலை அடிவாரம்வரை நீண்ட, 'பெருவில்' என்ற அந்த அளவைக் கோடு ஏறக்குறைய 78-ஆம் தீர்க்கக்கோட்டை ஒட்டிப் போனது. சேலமும் நாமக்கல்லும் அந்தக் கோட்டின் பக்கத்தில்தான் இருக்கின்றன.

வரி வாங்கவும் படை நடத்தவும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு நில அளவை தேவைப்பட்டது உண்மை. ஆனால் பூமி எந்த அளவுக்கு உருண்டை, எங்கே சற்றுச் சப்பை என்ற அறிவியல் கேள்விக்கு விடை காண்பதும் லாம்டனின் நோக்கம். பூமியின் வளைவை அளக்கத் தோள்கொடுத்த நிலம் இது. அந்த நிலத்துப் பிள்ளைகள் பத்தாம் வகுப்பு முடிக்கும்வரை பூமியைத் தட்டையாக மட்டுமே பார்த்துவிட்டுப் போகிறார்கள். பல பள்ளிகளில் உலக உருண்டை இருக்கும். தலைமையாசிரியர் அறையில், கண்ணாடி அலமாரிக்குள், கோப்பைகளுக்கு நடுவே. உடைந்துவிடும் என்று பூட்டி வைத்திருப்பார்கள். பிள்ளைகளின் விரல் படாத உருண்டை எதைச் சொல்லித்தரும்?

உலகம் விழித்துக்கொண்டிருக்கிறது

இந்தக் குறையை மற்றவர்கள் எப்போதோ பேசத் தொடங்கிவிட்டார்கள். ஜெர்மானிய வரலாற்றாளர் ஆர்னோ பீட்டர்ஸ் 1973-இல் ஒரு சம பரப்புப் படத்தை முன்வைத்தார். ஸ்காட்லாந்தின் ஜேம்ஸ் கால் என்ற பாதிரியார் 1855-லேயே சொன்ன முறைதான் அது. அதில் பரப்பு சரி. ஆனால் ஆப்பிரிக்காவும் தென் அமெரிக்காவும் ஈரத்துணியைக் கொடியில் போட்டதுபோல் நீண்டு தொங்கும். அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்து அரசுப் பள்ளிகள் 2017-இல் அந்தப் படத்தை வகுப்பறைக்குக் கொண்டுவந்தன. 2018-இல் டாம் பேட்டர்சன், போயான் சாவ்ரிச், பெர்ன்ஹார்ட் யென்னி ஆகிய மூவரும் சேர்ந்து 'ஈக்வல் எர்த்' என்ற படத்தை உருவாக்கினார்கள். பரப்பும் சரியாக இருக்கும், கண்டங்களின் வடிவமும் கண்ணுக்கு உறுத்தாமல் இருக்கும். 2025 ஆகஸ்டில் ஆப்பிரிக்க ஒன்றியம், மெர்கேட்டர் படத்தை விட்டுவிட்டு இதுபோன்ற படங்களுக்கு மாறச் சொல்லும் இயக்கத்துக்கு ஆதரவு தெரிவித்தது.

ஆப்பிரிக்கர்கள் கேட்பது நமக்கும் சேர்த்துத்தான். நாமும் நிலநடுக்கோட்டுக்குப் பக்கத்து வீட்டுக்காரர்கள். இலங்கை, இந்தோனேசியா, மலேசியா என்று தமிழர் வாழும் நிலங்கள் பலவும் இந்த வெப்ப வளையத்துக்குள்தான் இருக்கின்றன. சுவரில் ஊதிப் பெருத்தவற்றுக்கு நடுவே உண்மை அளவில் நின்று சிறியவையாகத் தெரிபவை இவைதான்.

ஆனால் மெர்கேட்டரைக் கழற்றிவிட்டு வேறொரு படத்தை மாட்டினால் வேலை முடிந்தது என்று நான் சொல்லவில்லை. சம பரப்புப் படமும் ஓரிடத்தில் வளைத்துத்தான் வரைகிறது. அதில் தூரத்தை அளந்தால் பிசகும், திசை பார்த்தால் பிசகும். தாளில் எழுதிய உலகம் எதுவும் முழு உலகம் இல்லை. இந்தப் படம் எந்த வேலைக்காக வரையப்பட்டது, அந்த வேலைக்காக எதை விட்டுக்கொடுத்தது என்று கேட்கப் பழகுவதுதான் படிப்பு. அந்தக் கேள்வியைப் பத்து வயதில் கேட்டுப் பழகிய பிள்ளை, பின்னாளில் ஒரு புள்ளிவிவரத்தையோ தேர்தல் கருத்துக்கணிப்பையோ விளம்பரத்தையோ பார்க்கும்போதும் கேட்கும்.

நான் கேட்பது நான்கு

பள்ளிகளுக்கு வாங்கும் எந்த உலகப் படத்திலும், அது எந்தக் கோட்டுச்சட்டம் என்பதும், எதை அதில் அளக்கக்கூடாது என்பதும் தமிழில் தெளிவாக அச்சாகியிருக்க வேண்டும். மருந்துப் புட்டியில் எச்சரிக்கை இருப்பதைப்போல.

பாடநூல் தயாரிக்கும் மாநிலக் கல்வியியல் ஆராய்ச்சி மற்றும் பயிற்சி நிறுவனம், மக்கள்தொகை, பயிர், காடு, மழை என்று பரப்பை ஒப்பிடும் உலகப் படம் எங்கே வந்தாலும் அது சம பரப்புப் படமாக இருக்கும்படி பார்த்துக்கொள்ள வேண்டும். கோட்டுச்சட்டத்தை மேல்நிலை வகுப்பில் புவியியல் எடுப்பவர்களுக்கு மட்டும் சொல்லித்தருவது போதாது. முட்டையை உரிக்கத் தெரிந்த ஆறாம் வகுப்புப் பிள்ளைக்கே அது புரியும்.

ஒவ்வொரு நடுநிலைப் பள்ளியிலும், பிள்ளைகள் தொட்டுச் சுழற்ற ஓர் உலக உருண்டை வகுப்பறை மேசையில் இருக்க வேண்டும். உடைந்தால் உடையட்டும், இன்னொன்று வாங்கலாம்.

நாளிதழ்களும் தொலைக்காட்சிகளும், இந்த நாளிதழ் உட்பட, நாடுகளை நிறம் தீட்டி ஒப்பிடும்போது சம பரப்புப் படத்தையே பயன்படுத்த வேண்டும். மெர்கேட்டர் படத்தில் ரஷ்யாவுக்குச் சிவப்பு அடித்தால், தாளின் வடக்கே பெரும்பரப்பு சிவப்பாகிவிடுகிறது. ரஷ்யா உண்மையில் ஆப்பிரிக்காவைவிட ஒரு கோடி சதுர கிலோமீட்டருக்கு மேல் சிறியது என்பதை அந்தச் சிவப்பு மறைத்துவிடுகிறது.

இவையெல்லாம் நடக்கும்வரை ஆசிரியர்கள் காத்திருக்க வேண்டியதில்லை. ஓய்வு பெறும்வரை நான் செய்தது இதுதான்: சுவர்ப் படத்தின் அடியில் ஒரு வெள்ளைத் தாளை ஒட்டி, மார்க்கர் பேனாவால் எழுதி வைத்தேன். "இது கப்பல் ஓட்டுவதற்காக வரைந்த படம். வடக்கேயும் தெற்கேயும் போகப் போக நாடுகள் பெருத்துத் தெரியும். பரப்பை இதில் பார்க்காதே, உருண்டையில் பார்." தாள் கிழிந்தால் வேறொன்று ஒட்டினேன். செலவு ஒரு தாளும் கொஞ்சம் பசையும்.

ஓய்வு பெற்ற ஆண்டில், ரிக் மாணவர் ஊருக்கு வந்திருந்தார். அவரைக் கடைசி முறையாக என் வகுப்புக்கு அழைத்துப் போனேன். குச்சியை அவர் கையில் கொடுத்தேன். அவர் படத்தின் பக்கம் போகவில்லை. மேசையிலிருந்த உருண்டையை எடுத்து, தாருஸ்ஸலாமில் ஒரு விரலையும் முவான்சாவில் ஒரு விரலையும் வைத்தார். அதே இடைவெளியைக் குலைக்காமல் விரல்களை அப்படியே தூக்கி வந்து கன்னியாகுமரியில் ஒன்றை வைத்தார். மற்றது சென்னையைத் தாண்டி ஆந்திராவுக்குள் போய் நின்றது. "இத்தனை தூரமுங்க பசங்களா, ஒரே நாட்டுக்குள்ள" என்றார்.

பின் பெஞ்சில் இருந்த ஒரு பையன் எழுந்து, தன் விரல்களை வைத்துத் தானும் அளந்து பார்க்க முன்னால் வந்தான்.